உமக்கு நான் என்ன முறை

இன்று காலை ஒழுங்கை முனையில் காஸ் லொறி வந்து நின்றது. வெறும் சிலிண்டர்களைத் தூக்கிப் போடுகிற சத்தமும் கூடவே எழும்பும் அந்த இலேசான நாற்றமும் யன்னலால் உள்ளே வந்தன. கேத்திலை அப்படியே விட்டுவிட்டு மேலே பார்த்தேன். நீர் பல்கனியில் நின்று, "என்ன, இண்டைக்கும் வரிசையிலை ஒருத்தரும் அடிபடேல்லையே?" என்று கேட்பீர் என்று ஒரு நினைப்பு. உம்முடைய பல்கனிக் கதவு பூட்டிக் கிடக்கிறது. உமது பெறாமகன், தங்கச்சியின் பிள்ளை, திறப்பைத் தரகரிடம் கொடுத்துவிட்டு ரொறொன்ரோவுக்குத் திரும்பிவிட்டான்.

நல்ல பிள்ளை. குறை சொல்ல மாட்டேன். போவதற்கு முன் என் கையைப் பிடித்து, "அன்ரி, உங்களுக்குத் துடக்கில்லைத்தானே. நீங்கள் கோயிலுக்குப் போகலாம், ஒண்டுக்கும் யோசிக்காதேங்கோ" என்றான். ஆறுதலாகத்தான் சொன்னான். சாவுத் துடக்கு என்ற தீட்டு உரித்துக்காரருக்கு மட்டும்தான் என்பது எனக்கும் தெரியும். ஆனாலும் நான் உமக்கு ஆருமில்லை என்று இதைவிட மரியாதையாக ஒருவராலும் சொல்ல முடியாது. அதை உம்மோடுதான் கதைக்கவேண்டும். முறை, வழக்கம், ஒழுக்கம் என்று ஆயுள் முழுக்க மண்டையை உடைத்தவர் நீர்தானே.

நீர் கொட்டாஞ்சேனையில் ஒரு பெண்கள் பள்ளிக்கூடத்தில் அளவையியல் படிப்பித்தீர். நான் புறக்கோட்டையில் ஒரு வங்கியில் இருந்தேன். காலையில் வெள்ளவத்தையில் ஒரே தரிப்பில் நின்று, ஒரே பஸ்ஸில் தொங்கிக்கொண்டு போவோம். பழக்கம் அப்படித்தான் தொடங்கியது. ஒரே தொடர்மாடியில் இருக்கிறோம் என்பதே பிறகுதான் தெரிந்தது. நான் அவர் போன பிறகு தனி. நீர் தொடக்கத்திலிருந்தே தனி. "உமக்கு ஒருத்தர் செத்துத் தனி, எனக்கு ஒருத்தரும் பிறக்காமலே தனி" என்று நீர் சொல்லிச் சிரித்த அன்றுதான் நாங்கள் சிநேகிதிகள் ஆனோம்.

அந்தப் பஸ்ஸில் நடந்த ஒன்றை நீர் சாகும்வரை விடவில்லை. சண்டைக் காலம். பஸ்ஸில் ஒரு பை தனியாகக் கிடந்தால் சனம் முழுக்க இறங்கி ஓடிய நாட்கள். நெற்றியில் பொட்டோடு நீர் நெரிசலில் நிற்கிறீர், தோளில் கொப்பிகள் நிறைந்த பெரிய பை. சீற்றில் இருந்த ஒரு சிங்கள மனுசி நிமிர்ந்துகூடப் பார்க்காமல் கையை நீட்டினாள். நின்றுகொண்டு வருகிறவரின் பையை இருக்கிறவர் மடியில் வாங்கி வைப்பது எங்கள் ஊர் பஸ்களில் உள்ள பழக்கம்தானே. நீர் கொடுத்தீர். அவள் அதை மடியில் வைத்து, மேலே தன் கையையும் வைத்து, யன்னலால் கடலைப் பார்த்துக்கொண்டு வந்தாள்.

இறங்கும்போது உமது முகம் வெளிறியிருந்தது. "பைக்குள்ளை என்ன எண்டு அந்த மனுசி கேக்கேல்லை. கண்டனீரோ?" என்றீர்.

"பழக்கதோசம். இயக்கப் பெடியன் குடுத்தாலும் வாங்கித்தான் இருப்பா" என்றேன்.

"அதைத்தான் சொல்லுறன். இவ்வளவு பயத்துக்குள்ளையும் அந்தப் பழக்கம் சாகேல்லை. அதை ஆர் அந்த மனுசிக்குப் பழக்கினது?"

எனக்கு நேரம் போய்விட்டது, வங்கிக்கு ஓடினேன். நீர் பள்ளிக்கூடத்துக்குப் பிந்திப்போய், முதல் பாடம் முழுக்க அந்தக் கையைப் பற்றியே கதைத்தீராம். மற்றவர்கள் கடலையும் மலையையும் கண்டு வாயைப் பிளப்பார்கள், நீர் பஸ்ஸில் நீளும் கையைக் கண்டு வாயைப் பிளப்பீர். எனக்கு அது விசராகத்தான் பட்டது.

ஏனென்றால் என்னுடைய கட்சி வேறு. மனிசர் பயத்துக்குத்தான் ஒழுங்கு. வங்கியில் பெட்டகத்துக்கு ஏன் இரண்டு திறப்பு? இரண்டு பேரிடம் ஏன்? ஒருவரையும் நம்ப ஏலாது, அதனால்தான். இதைச் சொன்னால் நீர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பீர். "சட்டம் எழுதினவனைத் தேடிப் பிடிக்கலாம். வழக்கத்தை எழுதினவனை இண்டைவரைக்கும் ஒருத்தரும் கண்டதில்லை" என்பீர். பின்னேரங்களில் கடற்கரை வீதியில் தெஹிவளைப் பக்கமாக நடக்கும்போது இதே வழக்குத்தான். தீர்ப்பு மட்டும் ஒருநாளும் வந்ததில்லை.

சண்டை முடிந்து எத்தனையோ வருசத்துக்குப் பிறகு காஸ் தட்டுப்பாடு வந்தது.

மறந்திருக்க மாட்டீர். கடைக்கு முன்னால் தொடங்கி மதிலோரமாக எங்கள் ஒழுங்கைக்குள் வளைந்து வந்த சிலிண்டர் வரிசை. ஒன்றில் சிவப்புத் துணி, ஒன்றில் கதவிலக்கம், ஒன்றில் பழைய பள்ளிக்கூடக் கழுத்து ரை. ஆட்கள் வீட்டில், சிலிண்டர்கள் தெருவில். நாட்டில் ஒன்றும் ஒழுங்காக இல்லாத நேரம். கரண்டும் இல்லை, மண்ணெண்ணெயும் இல்லை. எங்கேயோ அடிபாடு என்று நாளுக்கு நாள் செய்தி. ஆனால் எங்கள் மதிலோரம் ஒருவரும் ஒரு சிலிண்டரை முன்னுக்குத் தள்ளவில்லை. நீர் காலையும் மாலையும் பல்கனியில் நின்று, கோயில் தேரைப் பார்ப்பதுபோல் அதைப் பார்த்தீர்.

"ஒரு மனிசரும் இல்லை, வெறும் இரும்பு நிக்குது. அதுக்கு இவ்வளவு மரியாதை!"

"எதிர்க்கடையிலை கமரா இருக்கு" என்றேன்.

"கரண்ட் இல்லாத நேரம் கமரா என்னத்தைப் பார்க்கும்?"

தோற்றபடியால் கோபப்பட்டேன். அது என் வழக்கம்.

ஒருநாள் காலையில் ரம்யாவின் அம்மா செத்துப்போனா. எங்கள் தொடர்மாடிக்கு எதிர்வீட்டுச் சிங்களக் குடும்பம். மதிலில் வெள்ளைக் கொடி கட்டியாகிவிட்டது. செத்த வீட்டில் அடுப்பு மூட்டக்கூடாது, அயலவர்தான் சோறு கொண்டுபோக வேண்டும் என்பது அவர்களிடமும் உண்டு, எங்களிடமும் உண்டு. ஆனால் எந்த அயலவர் வீட்டில் அன்று காஸ் இருந்தது? ரம்யாவின் சின்னதுகள் இரண்டும் விடிந்ததிலிருந்து பிஸ்கட்டோடு இருக்குதுகள். சமைத்துக் கொடுப்பதாக நீர் அவளிடம் சொல்லிவிட்டு வந்திருந்தீர். உமது சிலிண்டரோ வரிசையின் வாலில், என்னுடையது அதற்குக் கொஞ்சம் முன்னால். அந்த நேரம் பார்த்து லொறி வந்தது.

"முன்னுக்குக் கொண்டுபோய் விசயத்தைச் சொல்லும்" என்றேன்.

நீர் அசையவில்லை. "எல்லாரிட்டையும் ஒரு காரணம் இருக்கும். காரணம் சொல்லுறவைக்கெல்லாம் வழி விட்டால், நாளைக்கு வரிசை எண்டு ஒண்டு இருக்காது. நான் மொட்டைமாடியிலை விறகு வைச்சுச் சமைக்கிறன்."

"உடைஞ்ச கதிரையை எரிச்சோ? அந்தப் பிள்ளையளுக்குப் பசிக்குது! உம்மட அளவையியலைக் கரைச்சுக் குடுக்கப்போறீரோ?"

தெருவில் நின்று கத்தினேன். வெட்கம் பார்க்கவில்லை. உமக்குக் கண் கலங்கியது. ஆனாலும் நீர் அசையவில்லை. உமக்கு அந்த வரிசை அவ்வளவு பெரிய சங்கதி. அதை உமது கையால் குலைக்க உம்மால் ஏலாது.

வரிசையில் முதல் ஆளாய் நின்றவர் எங்கள் தொடர்மாடிச் செக்ரட்டரி. அவரைப் பற்றி உமக்கு நான் சொல்லத் தேவையில்லை. கார் நிறுத்துகிற இடத்துக்காக சொந்த மச்சானோடு கதைபேச்சில்லாமல் இருக்கிற மனிசன். அன்று காலையும் யாரோடோ, சிலிண்டர் சாய்ந்து நிற்கிறது என்று சண்டை. அவர் திரும்பிப் பார்த்தார்.

"ஆற்றை செத்த வீடு?"

"ரம்யாவின்ரை. அம்மா" என்றேன்.

வேறொன்றும் கேட்கவில்லை. சாரத்தை மடித்துக் கட்டினார். வாலுக்கு நடந்து வந்தார், உமது சிலிண்டரைத் தூக்கித் தோளில் வைத்தார், கொண்டுபோய்த் தன்னுடையதுக்கு முன்னால் வைத்தார். பிறகு தன்னுடையதை ஓரடி பின்னுக்கு இழுத்தார். அடுத்து நின்ற முஸ்லிம் கடைக்காரர் தன்னுடையதை இழுத்தார். அடுத்த சிங்களப் பெடியன் இழுத்தான். சிமெந்தில் இரும்பு உரசும் சத்தம் ஒன்றன்பின் ஒன்றாக ஒழுங்கைக்குள் இறங்கி வந்தது. ஆள் இல்லாத சிலிண்டரைப் பக்கத்தில் நின்றவர் இழுத்து வைத்தார். இப்படிச் செய்யவேண்டும் என்று அவர்களுக்கு ஆரும் ஒருநாளும் சொல்லிக் கொடுத்ததில்லை. எனக்கு மயிர் கூச்செறிந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், நல்லூர்த் தேரிலும் எனக்கு அப்படி வந்ததில்லை.

லொறியில் இருந்தது முடிந்தபோது, கடைசிச் சிலிண்டர் எனக்கு முன்னால் நின்றவருக்குப் போனது. உம்முடையது முன்னுக்குப் போயிராவிட்டால் அது எனக்கு. காஸ் கடைக்காரர் என்னைப் பார்த்துக் கையை விரித்தார். "பரவாயில்லை, அடுத்த லொறியிலை பாப்பம்" என்றேன். பஸ் கொண்டக்டரோடு மல்லுக்கட்டுகிற வாயிலிருந்து அது எப்படி வந்ததோ எனக்குத் தெரியாது. நீர் பக்கத்தில் நின்று என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தீர்.

"இப்ப சொல்லும். ஆருக்குப் பயந்து பரவாயில்லை எண்டனீர்?"

நீர் வென்றதுபோல் சிரிக்கவில்லை. உமது குசினியில் பருப்பைக் கழுவிக்கொண்டே, "என்ரை கட்சியும் பிழைச்சுப்போச்சு. வரிசை குலைஞ்சிடும் எண்டு நினைச்சன். நான் படிப்பிச்ச ஒரு புத்தகத்திலையும் இது இல்லையப்பா" என்றீர். அடுத்த லொறி வந்தபோது போய்ப் பார்த்தோம். வரிசை இருந்தபடியே இருந்தது.

போன மாதம் நெஞ்சு நோகிறது என்று ஆசுப்பத்திரிக்குப் போனீர். "பின்னேரம் நடக்க வருவன்" என்று சொல்லிவிட்டுப் போனீர்.

உமது உடம்பைத்தான் பொரளையில் ஒரு மலர்ச்சாலையில் பார்வைக்கு வைத்தார்கள். மரண அறிவித்தலைப் பார்த்தேன். இன்னாரின் அன்புச் சகோதரி, இன்னாரின் மைத்துனி, இன்னார் இன்னாரின் பாசமிகு பெரியம்மா, மாமி. கண்டிராத ஊரில் இருக்கிற, உம்மைக் கண்டிராத பேர்கள் எல்லாம் இருந்தார்கள். அறிவித்தலில் சிநேகிதிக்கு ஒரு சொல் கிடையாது. யாரும் வேண்டுமென்று விடவில்லை, வழக்கத்தில் அப்படியொரு இடமில்லை. ஐயர், "உரித்துக்காரர் வந்து வாய்க்கரிசி போடலாம்" என்றார். தெஹிவளையிலிருந்து வந்திருந்த உமது தூரத்துச் சொந்தம் ஒன்று எழும்பிப் போனது. நான் பிளாஸ்டிக் கதிரையில் கையைக் கட்டிக்கொண்டு இருந்தேன். எழும்பிப் போயிருந்தால் ஒருவரும் தடுத்திருக்க மாட்டார்கள் என்று இப்போது தோன்றுகிறது. ஆனால் கால் வரவில்லை. நீர் இவ்வளவு காலம் வியந்து வியந்து சொன்ன அதே முறைதான் என்னை அந்தக் கதிரையில் பிடித்து இருத்தியது. அன்று அதை நான் வெறுத்தேன். உம்மோடும் கோபமாகத்தான் இருந்தேன்.

வீட்டுக்கு வந்து தலைக்குத் தோய்ந்தேன். பெறாமகன் தெஹிவளையில் தங்கியிருந்தான், உமது வீடு பூட்டிக் கிடந்தது. அடுப்படிக்குப் போய் நின்றேன். நெருப்புக்குச்சியை எடுக்கக் கை போகவில்லை. பசியில்லை, அவ்வளவுதான் என்று எனக்கே சொல்லிக்கொண்டு வந்து இருந்தேன்.

பொழுதுபடுகிற நேரம் கதவு தட்டுப்பட்டது. ரம்யா. கையில் சோறு, பருப்பு, கத்தரிக்காய்ப் பாற்கறி. நேரே குசினிக்குள் போனாள். மேசையில் வைத்தாள். அடுப்பைத் தொட்டுப் பார்த்தாள். "அக்கே, அடுப்பு பத்தவைக்க எப்பா. நாங்க கொண்டு வாறது" என்று தனக்குத் தெரிந்த தமிழில் சொன்னாள். மூட்டவேண்டாமாம். என் கன்னத்தை ஒருமுறை தடவிவிட்டு வெளியே போனாள்.

அவளுக்குப் பின்னால் செக்ரட்டரி, ஒரு பிளாஸ்க் நிறையப் பிளேன்ரீயோடு. உள்ளே வந்து இருந்தார். உம்மைப் பற்றி ஒன்றும் கதைக்கவில்லை, கார் நிறுத்துவதைப் பற்றியும் கதைக்கவில்லை, இது அவரிடம் நான் கண்ட இரண்டாவது அதிசயம். எழும்பினார். எப்போதும் வாசலில் நின்று, "அப்ப நான் போயிட்டு வாறன்" என்று ஒருதரம் மாடி முழுக்கக் கேட்கச் சொல்லிவிட்டுத்தான் அந்த மனிசன் படி இறங்கும். அன்று வாசல்வரை போனார். வாய் பாதி திறந்தது. மூடிக்கொண்டார். சொல்லாமல் படியிறங்கிப் போய்விட்டார்.

செத்த வீட்டில் ஆரும் சொல்லிக்கொண்டு போவதில்லை.

அப்போதுதான் எனக்கு விளங்கியது. அதுவரை அழாதவள் அந்தத் திறந்த கதவைப் பார்த்து விக்கி விக்கி அழுதேன். எட்டாம் நாள் எட்டுச் செலவு முடியும்வரை ஒவ்வொரு வேளையும் ஒவ்வொரு வீட்டிலிருந்து சாப்பாடு வந்தது. இரண்டு வீடு ஒரே வேளைக்குக் கொண்டுவரவில்லை, ஒரு வேளை தப்பவுமில்லை. ஆர் முறை வகுத்தார்கள் என்று கேட்டுப் பார்த்தேன். ஒருவருக்கும் தெரியவில்லை. வந்தவர்கள் இருந்தார்கள், எழும்பினார்கள், ஒருவரும் சொல்லிக்கொண்டு போகவில்லை. வழக்கத்தில் இல்லாத ஓர் இடத்தை எனக்காக அவர்கள் எல்லோருமாக ஓரடி ஓரடியாகப் பின்னுக்கு நகர்ந்து செய்து தந்தார்கள். நீர் இருந்திருந்தால் கண்ணாடியைக் கழற்றித் துடைத்திருப்பீர். எழுதினவனைக் காணாத வழக்கம் ஒன்றை எழுதப்படுகிற நேரத்திலேயே நான் கண்டுவிட்டேன் என்று சொல்ல நீர் இல்லாமல் நிற்கிறேன்.

உமது பெறாமகனோடு எனக்குக் கோபம் இல்லை. அவனுக்குத் தெரிந்ததை அவன் சொன்னான். ஆனால் உமக்கு நான் என்ன முறை என்று இனி ஆரும் கேட்டால், எங்கள் ஒழுங்கையில் போய்க் கேட்கச் சொல்வேன்.