ஒரு சைக்கிள் ட்யூப் துண்டு

இன்று பழங்காநத்தத்தில் ஸ்கூட்டருக்குப் பஞ்சர் ஒட்ட நின்றேன். கடைக்காரர் பழைய ட்யூபை வெட்டியதும் எழுந்த ரப்பர் வாடையில் உன் நினைவு வந்து, நன்றாக இருந்த மனசு கெட்டுப்போனது. பாசம் பொங்கி எழுத உட்காரவில்லை மாப்ள, கோபத்தில்தான் எழுதுகிறேன்.

நாம் இருவரும் பட்டாளத்திலிருந்து விடுப்பில் வந்தபோது, இப்படி ஒரு கடையில்தான் நீ ஒரு சாண் ட்யூப் கேட்டு வாங்கினாய். எதற்கு என்றார் கடைக்காரர். துப்பாக்கிக்கு என்றாய். "துப்பாக்கிக்கும் பஞ்சர் ஆகுமாண்ணே?" என்று அவர் கேட்க, தெருவே திரும்பிப் பார்க்கும்படி சிரித்தாய்.

அப்போதுதான் நம் படைப்பிரிவுக்குச் சில ஸ்கோப்புகள் சோதனைக்கு வந்திருந்தன. துப்பாக்கி மேல் மாட்டுகிற சிறு குழாய். அதிலுள்ள வளையத்தை ஒன்றில் வைத்தால் வெறுங்கண்ணால் பார்ப்பது போலவே இருக்கும். இரண்டு கண்ணையும் திறந்தபடி கிட்டத்தில் வருபவனைச் சுடலாம். நான்குக்குத் திருப்பினால் எதிர்மலைக்காரன் அருகில் வந்துவிடுவான், ஆனால் அருகில் இருப்பவன் குழாய்க்குள் சிக்காமல் காணாமல் போவான். நாங்களெல்லாம் நான்கில் வைத்துப் பார்த்து வாயைப் பிளந்தோம். நீ மட்டும் ஒன்றை விட்டு நகரவில்லை. "எட்டத்துல இருக்கவன் வந்து சேர நேரமாகும் மாப்ள. கிட்டத்துல இருக்கவந்தான் எமன்" என்பாய். துப்பாக்கியைக் கீழே வைக்குமுன் வளையத்தை ஒன்றுக்குத் திருப்பிவிடுவாய். வீட்டை விட்டு இறங்கும்போது விளக்கை அணைப்பது போல உனக்கு அது கைப்பழக்கம்.

மலைக்குளிரில் தடித்த கையுறை போட்ட கைக்கு அந்த வழவழப்பான வளையம் எங்கே நிற்கிறதென்று தெரியாது. அதற்குத்தான் ட்யூப். வளையத்தில் இழுத்துச் சுற்றி ஒரு முடிச்சுப் போட்டாய். முடிச்சு மேலே இருந்தால் ஒன்று, பக்கவாட்டில் இருந்தால் நான்கு. குனிந்து பார்க்கவே வேண்டியதில்லை.

பிறகு பெரிய அதிகாரி ஒருவர் முகாமைப் பார்வையிட வந்தார். சுண்ணாம்பு அடித்த கல்லுக்கே மறுபடி சுண்ணாம்பு அடித்தோம். நம் சுபேதார், அவரும் தெற்கத்திக்காரர்தான், உன் துப்பாக்கியைப் பார்த்து முகம் சுளித்தார். "அரசாங்கத் துப்பாக்கியில என்னடா கந்தல்?" என்று பிளேடால் அறுத்து எறிந்தார். நீ விளக்க வாயெடுத்தாய், அதட்டி அடக்கினார். வந்த அதிகாரி உன் துப்பாக்கியை வாங்கி, வளையத்தைத் திருகி, எதிர்மலையை ஆசை தீரப் பார்த்துவிட்டுப் பிரமாதம் என்று திருப்பிக் கொடுத்தார். கொடுத்த கையோடு நம்மை ஓடைப்பள்ளத்துக்கு ரோந்து அனுப்பினார்கள். அவர் முன்னால் விறைத்து நின்றவன் வளையத்தை எங்கே பார்த்திருப்பாய்.

பள்ளத்தில் மூடுபனி. உனக்குப் பின்னால் நான். பாறை மறைவிலிருந்து ஒருவன் எழுந்தான், கூப்பிடு தூரம்கூட இல்லை, கைக்கெட்டும் தூரம். நீ துப்பாக்கியை உயர்த்தி, கண்ணை வைத்து, இடதும் வலதுமாகத் தேடினாய். நீ தேடியதைத்தான் என்னால் மறக்க முடியவில்லை. அவனுக்குத் தேட வேண்டியிருக்கவில்லை. உன் துப்பாக்கியை நான் எடுத்தபோது வளையம் நான்கில் நின்றது.

விசாரணையில் சொன்னேன். அரசு கொடுக்காத பொருளை அப்புறப்படுத்தியதில் தவறு எதுவும் இல்லை என்றார்கள். நீ போன பிறகு வந்த புது ஸ்கோப்புகளில் வளையத்தோடு ஒரு குமிழ் சேர்ந்தே வந்தது. கையுறை போட்டாலும் விரலுக்குத் தெரியும் என்று புதிதாகச் சேர்ந்தவர்களுக்குப் பாடம் எடுத்தவர் அதே சுபேதார்.

ஓய்வு பெற்றுவிட்ட அவர், உன் நினைவு நாளன்று தவறாமல் மாலையோடு சோழவந்தானில் உன் வீட்டுக்கு வருகிறார். உன் அம்மா அவருக்குத்தான் முதல் இலை போடுகிறார். போன வருடம் ரசம் ஊற்றிக்கொண்டே அவரிடம் கேட்டார்.

"அம்புட்டுத் தூரம் தெரியிற கண்ணாடிய வச்சிருந்தானே, எம்மவனுக்குக் கிட்ட நின்னவன் எப்படிய்யா தெரியாமப் போனான்?"

"எல்லாம் விதிம்மா" என்று சொல்லிவிட்டு அவர் சோற்றைப் பிசைந்தார். நானும் தலையைக் குனிந்து சாப்பிட்டேன்.

அன்று அவர் அறுத்தெறிந்த ரப்பரைக் குப்பையிலிருந்து பொறுக்கி வைத்திருந்தேன். முடிச்சு அவிழவில்லை, என் சாவிக்கொத்தில் கிடக்கிறது. இந்த வருடம் அதைக் கழற்றி அவர் இலை ஓரத்தில் வைக்கப்போகிறேன். உன் அம்மா மறுபடி கேட்கட்டும்.