தவளைக்கு ஏன் இத்தனை கொண்டாட்டம்

அன்புள்ள வாலுவுக்கு,

அப்பா எழுதுகிறேன். நானும் அம்மாவும் சுகம், வீடு சுகம், மாடியில் நீ வைத்துவிட்டுப் போன செடிகூட எங்களை நம்பி இன்னும் உயிரோடுதான் இருக்கிறது. நீயும் மாப்பிள்ளையும் அந்தக் குளிரில் வேளாவேளைக்குச் சாப்பிட்டுத் தெம்பாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். என் கண்ணில் மட்டும் ஒரு கோளாறு, அதைப் பின்னால் சொல்கிறேன், இந்த இடத்திலேயே பதறிப் போய் அம்மாவுக்குப் போன் போடாதே, முழுக்கப் படி. நீ பக்கத்து சீட்டிலிருந்து பிடித்து அனுப்பிய வீடியோவில் மாப்பிள்ளை ஒரு கையில் ஸ்டியரிங்கும் ஒரு கையில் காபியுமாக ஓட்டுகிறார், வலது பக்கம் திரும்பும்போது கண்ணாடியையும் பார்க்கவில்லை. நான் சொன்னதாகச் சொன்னால் கோபித்துக்கொள்வார், நீயே கண்டுபிடித்ததாகச் சொல்.

நீ வேலை பார்க்கும் அருங்காட்சியகத்தில் ஒரு தவளையை வாங்கி நடுக்கூடத்தில் நிறுத்தியிருக்கிறார்கள் என்றும், இந்த மலிவுக் காரை ஜனங்கள் ஏன் இப்படிக் கொண்டாடுகிறார்கள் என்று நாற்பது வார்த்தைக்குள் ஓர் அட்டையில் எழுதிப் பக்கத்தில் வைப்பது உன் பொறுப்பு என்றும் எழுதியிருந்தாய். எனக்குச் சிரிப்புதான் வந்தது. ஒன்று தேய்ந்தால் இன்னொன்று என்று மூன்று தவளைகளில், முப்பது வருஷம் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து பாதி ஊருக்கு ஓட்டக் கற்றுக்கொடுத்தவனிடம் நாற்பது வார்த்தை கேட்கிறாய். சொல்கிறேன், வேண்டியதை எடுத்துக்கொள். முதலில் ஆரம்பத்தில் அதை ஒருவரும் கொண்டாடவில்லை என்று எழுது. இரண்டு ஹெட்லைட்டும் பானெட்டுக்கு மேலே முழித்துக்கொண்டு நின்றதால் கம்பெனி வைத்த பெயர் யார் வாயிலும் நுழையவில்லை, வந்த மாதமே தவளை என்று பெயர் விழுந்துவிட்டது. தவளை வாங்கினால் கூடவே தள்ளுவதற்கு இரண்டு நண்பர்களையும் வாங்க வேண்டும் என்பார்கள், மழை வந்தால் உள்ளே இருப்பவர்கள் குடை பிடிக்க வேண்டும் என்பார்கள். நம் பல் டாக்டர் தன் தவளையைக் கிளினிக் வாசலில் நிறுத்த வெட்கப்பட்டு இரண்டு தெரு தள்ளி நிறுத்திவிட்டு நடந்து வருவார். ஒரு நாள் பார்த்தால் வக்கீல், வங்கி மேலாளர் என்று இன்னும் நான்கு பேர் தங்கள் தவளைகளை அதே தெருவில் ஒளித்து வைத்திருந்தார்களாம். அன்றிலிருந்து ஐந்து பேரும் சிநேகிதர்கள்.

அப்புறம் எப்படி மாறியது என்று கேட்டால், மாறிய நாளை யாரும் குறித்து வைக்கவில்லை. வாங்கியவர்கள் எல்லாரும் தங்கள் வீட்டில் முதன்முதலாகக் கார் வாங்கியவர்கள், அதனால் எந்த வீட்டுப் பழைய ஆல்பத்தைத் திறந்தாலும் ஒரு போட்டோவில் அது நிற்கும், கல்யாணமோ, குழந்தையை ஆஸ்பத்திரியிலிருந்து கூட்டி வந்ததோ, ஓரத்தில் அந்த இரண்டு கண் முழித்துக்கொண்டிருக்கும். பானெட்டைத் திறந்தால் உள்ளே சமையலறை அலமாரி மாதிரி, எது எங்கே என்று யாருக்கும் தெரியும். வழியில் ஒரு தவளை நின்றால் அடுத்த தவளை நிற்காமல் போகாது, என்ன கோளாறு என்று அதில் வந்தவர் இறங்கிப் பார்க்காமலே சொல்லிவிடுவார், போன வாரம் அவர் வண்டிக்கும் அதுவேதான் வந்திருக்கும். ஆலையில் இதைச் செய்வதை நிறுத்தப் போகிறார்கள் என்று பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் செய்தி வந்ததே, அந்த வாரம் குடை ஜோக் அடித்த வாயெல்லாம் கண்ணைக் கசக்கியது. இப்போது தவளைக்காரர்களுக்கு ஒரு சங்கம், ஒரே மாதிரித் தொப்பி, ஞாயிற்றுக்கிழமை ஊர்வலம். அம்மாவிடம் கேட்டேன், அவள் சொன்ன காரணம் வேறு. அதுல யாரும் பெரிய மனுஷனா உக்கார முடியாதுங்க, முட்டி நெஞ்சுல இடிக்கும், முதலாளியும் மடங்கித்தான் உக்காரணும் என்றாள். இதையும் எழுதிக்கொள்.

ஆனால் என் கட்சி ஒன்று உண்டு. அது தப்பு செய்கிறவர்களுக்காகவே செய்த வண்டி. கிளட்சைத் தடாலென்று விட்டால் வேறு கார் பாயும், இது இருமி, ஒரு குலுக்குக் குலுக்கி, நின்றுவிடும், அவ்வளவுதான். யாரையும் இடிக்காது, யாரையும் அவமானப்படுத்தாது, சாவியைத் திருப்பினால் ஒன்றும் நடக்காதது போல மறுபடி கிளம்பும். பயந்தவர்கள், கை நடுங்கியவர்கள், ஐம்பது வயதில் கற்றுக்கொள்ள வந்தவர்கள் எல்லாரும் இதில்தான் ஓட்டுநர் ஆனார்கள். தன் தப்பைப் பொறுத்துக்கொண்ட ஒன்றை யாரும் மறக்க மாட்டார்கள் என்பது என் எண்ணம். இதை எழுதும்போது எனக்கே வெட்கமாக இருக்கிறது, ஏனென்று உனக்குத் தெரிய நியாயமில்லை, அப்போது உனக்கு நான்கு வயது, பின் சீட்டில் பிஸ்கட் தின்றுகொண்டிருந்தாய். தண்ணீர்த் தொட்டிப் பக்கம் ஒரு மேடு உண்டே, அங்கே அம்மாவுக்கு முதல் பாடம் எடுத்தேன். மேட்டில் வண்டி நின்றுவிட்டது. எடுத்தாள், நின்றது, மறுபடி எடுத்தாள், நின்றது. நான்காம் தடவையும் நின்றதும், பின்னால் நின்ற லாரிக்காரன் ஹாரனை அமுக்கிப் பிடித்துக்கொண்டிருக்கும்போது, உனக்கெல்லாம் கையும் காலும் எதுக்குடி என்று கத்திவிட்டேன். அம்மா இறங்கினாள், கதவைச் சத்தம் வராமல் சாத்தினாள், உன்னை இடுப்பில் தூக்கிக்கொண்டு வீடு வரை நடந்தே போனாள். அதற்குப் பிறகு முப்பத்தோரு வருஷம் அவள் ஸ்டியரிங்கைத் தொடவில்லை, முன் சீட்டிலும் உட்காரவில்லை. பையை முன்னால வச்சுக்கோங்க, எனக்குப் பின்னாலதான் சௌகரியம் என்பாள், நானும் அது அவள் வழக்கம் என்று நினைத்துக்கொண்டேன். ஊரிலுள்ளவர்களுக்கெல்லாம் பொறுமையாகச் சொல்லிக்கொடுத்த மனுஷனுக்குக் கட்டின பெண்டாட்டியிடம் அரைமணி நேரப் பொறுமை இல்லை.

இனி கண் விஷயம். ஆறு மாதத்துக்கு முன்னால் சந்தைத் திருப்பத்தில் இடது பக்கமிருந்து சைக்கிளில் ஓர் அம்மாள் வந்ததை நான் பார்க்கவே இல்லை, பின்னாலிருந்து உன் அம்மா போட்ட கூச்சலில்தான் வண்டியை நிறுத்தினேன், அந்த அம்மாளின் கூடைக்கும் பம்பருக்கும் நடுவே ஒரு சாண் இடைவெளி. உன்னிடம் மறைத்தது தப்புதான். கண் டாக்டரம்மாவிடம் போனால் அவரும் என் பழைய மாணவி, கண்ணுக்குள் அழுத்தம் கூடி ஓரப்பார்வை போய்க்கொண்டிருக்கிறது, போனது போனதுதான், இருப்பதைக் காப்பாற்றலாம் என்றார். சார், நீங்கதான் எனக்கு ஓட்டச் சொல்லிக் குடுத்தீங்க, இப்ப நான் உங்களை ஓட்டாதீங்கன்னு சொல்ல வேண்டியிருக்கு என்றும் சொன்னார். லைசென்ஸைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். அதன் பிறகு தவளை நிற்கும் ஷெட்டுக்குப் போவதையே விட்டேன். ஆஸ்பத்திரிக்குப் போக இரண்டு பஸ் மாற வேண்டும், படி ஏறும்போது அம்மா என் முழங்கையைப் பிடித்துக்கொள்வாள், எனக்கு உடம்பெல்லாம் கூசும். அந்த நேரம் பார்த்து தவளைச் சங்கத் தலைவர், ஹோட்டல் வைத்திருக்கிறாரே அவர், உங்கள் தவளையைக் கொடுங்கள், எஞ்சினை எடுத்துவிட்டு ஹோட்டல் முகப்பில் பூந்தொட்டி வைத்து அழகாக நிறுத்துகிறேன் என்று கேட்டார். வீட்டில் ஓட்ட ஆளில்லை, வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று நானும் சம்மதித்துக் கை கொடுத்துவிட்டேன்.

சாப்பாட்டு மேசையில் அம்மாவிடம் சொன்னேன். யாரைக் கேட்டுக் குடுத்தீங்க என்றாள். ஓடற வண்டியை பொம்மையாக்க உங்களுக்கு மனசு எப்படி வந்துச்சு என்றாள். பிறகு எழுந்து போய்க் கைப்பையைக் கொண்டு வந்து அதிலிருந்து ஒரு லைசென்ஸை எடுத்து என் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தாள், அதில் அவள் போட்டோ. என் கண் கெட்ட மறு வாரத்திலிருந்து நான்கு மாதம், தையல் கற்றுக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டு அடுத்த தெருத் தையல்காரம்மா வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தாள். அந்தத் தையல்காரம்மா ஐந்து தடவை டெஸ்டில் தோற்றவள், நான் கற்றுக்கொடுத்ததிலேயே படுமோசமான மாணவி, அவள்தான் தன் தவளையில் உன் அம்மாவுக்குப் பாடம் எடுத்திருக்கிறாள், அம்மா முதல் தடவையே பாஸ். நான்கு மாதத்தில் ஒரு தலையணை உறைகூடத் தைத்து வீட்டுக்கு வரவில்லையே, ஏன் என்று ஒரு நாளும் கேட்கத் தோன்றவில்லை எனக்கு. எதிரே வரும் லாரியைக் கால் மைலுக்கு முன்பே கவனி என்று ஊருக்கெல்லாம் சொன்னவன். மறுநாள் ஹோட்டல்காரரிடம் அசடு வழிய நின்று கொடுத்த வாக்கைத் திரும்ப வாங்கிக்கொண்டேன், அவருக்கு என் மேல் வருத்தம்தான், இருக்கட்டும்.

போன வியாழக்கிழமை முதன்முதலாக அம்மா ஓட்ட ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினோம். நான் பின் கதவைத் திறக்கப் போனேன், முன்னால உக்காருங்க என்றாள். தெரு முனை, பள்ளிக்கூடம், சந்தை எல்லாம் தாண்டி வந்துவிட்டோம், கியர் மாற்றும்போது தையல்காரம்மா மாதிரியே உதட்டைக் கடித்துக்கொள்கிறாள், மற்றபடி குறை சொல்ல ஒன்றுமில்லை. தண்ணீர்த் தொட்டி மேட்டில் முன்னால் வண்டிகள் வரிசையாக நின்றன, எங்களுக்குப் பின்னாலும் ஒரு வேன் வந்து ஒட்டி நின்றது. பயிற்சி வண்டியில் சொல்லிக்கொடுப்பவர் காலடியில் தனியாக ஒரு பிரேக் இருக்கும், உனக்குத் தெரியும். வரிசை நகர்ந்ததும் என்னையறியாமல் என் கால் அதை மிதித்தது, மிதித்தால் அங்கே ஒன்றுமில்லை, வெறும் தரை. அம்மா திரும்பிக்கூடப் பார்க்காமல், அதைக் கழட்டச் சொல்லிட்டேன், மெக்கானிக் வந்து எடுத்துட்டுப் போய்ட்டார் என்றாள். சொல்லிக்கொண்டே கிளட்சை விட்டாள், தவளை ஓர் அங்குலம் பின்னால் போகவில்லை, மேட்டில் ஏறிவிட்டது.

மகளே, அதற்கு மேல் என்னால் வாயை மூடிக்கொண்டிருக்க முடியவில்லை. மேட்டுக்கு மேலே தொட்டிச் சுவர் ஓரமாக நிறுத்தச் சொன்னேன். அன்னிக்கு நாலாவது தடவை நீ சரியாத்தான் எடுத்தே, வண்டி கிளம்பிடுச்சு, பின்னால உருண்டு லாரியில இடிச்சிடுவோமோன்னு பயந்து நான்தான் என் பிரேக்கை மிதிச்சேன், அதனாலதான் நின்னுது, மிதிச்சது தெரிஞ்சும் உன்னைத் திட்டினேன் என்று சொல்லிவிட்டேன். முப்பத்தோரு வருஷம் யாரிடமும் சொல்லாதது, உன்னிடமும் இப்போதுதான் சொல்கிறேன். அவளுக்கு இத்தனை நாளும் தெரியாது. தன் காலுக்கு அந்த வித்தை வராது என்றே நம்பியிருக்கிறாள், தையல்காரம்மாவிடம் முதல் மாதம் முழுக்க அழுதிருக்கிறாள், இதெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரிந்தது. அம்மா எஞ்சினை நிறுத்தவில்லை, இரண்டு கையும் ஸ்டியரிங்கில் இருந்தது. பிறகு, இறங்குங்க என்றாள்.

இறங்கினேன். தவளை போய்விட்டது. தொட்டிச் சுவரில் உட்கார்ந்துகொண்டேன், எனக்குக் கோபம் வரவில்லை, பயம்தான் வந்தது, என்னைவிட்டுப் போனதற்கல்ல, பக்கத்தில் யாருமே இல்லாமல் அவள் ஓட்டுவது அதுதான் முதல் தடவை. இப்போதெல்லாம் எனக்கு ரோடு ஒரு குழாய் வழியாகப் பார்ப்பது போலத்தான் தெரியும், அதனால் காதைத் தீட்டிக்கொண்டிருந்தேன். ஒரு தவளைச் சத்தம் கேட்டு எழுந்து நின்றேன், யாரோ தொப்பிக்காரர், தாண்டிப் போனார். இன்னொன்று வந்தது, அதுவும் இல்லை. பத்து நிமிஷமா, அரைமணியா தெரியாது. அப்புறம் ஒன்று வந்து என் எதிரே நின்றது, உள்ளிருந்து எட்டிக் கதவைத் திறந்துவிட்டாள். கண் சிவந்திருந்தது, ஆனால் உட்கார்ந்திருந்த தினுசு வேறு, முதுகு சீட்டில் நன்றாகச் சாய்ந்திருந்தது. ஆத்துப் பாலம் வரைக்கும் போய் வந்தேன், ரெண்டு இடத்துல ரிவர்ஸ் எடுத்தேன் என்றாள். ஏறுங்க, டாக்டரம்மா காத்துக்கிட்டிருப்பாங்க என்றாள். மன்னித்துவிட்டாளா என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. ஏறி உட்கார்ந்தேன். ஆஸ்பத்திரி வரை நான் எந்தத் திருத்தமும் சொல்லவில்லை, அவளும் என்னிடம் எதுவும் கேட்கவில்லை, எந்தச் சந்தில் திரும்ப வேண்டும் என்பதைக்கூட.

நீயும் மாப்பிள்ளையும் நோய்நொடி இல்லாமல், ஒருவர் பேச்சை ஒருவர் காதில் போட்டுக்கொண்டு நீண்ட காலம் நிறைவாக வாழ வேண்டும் என்று அம்மாவும் நானும் மனதார வாழ்த்துகிறோம். மறந்துவிடாதே, இந்தக் கண் அழுத்தம் பெற்றோர்களிடமிருந்து பிள்ளைகளுக்கு வரக்கூடியது என்று டாக்டரம்மா கண்டிப்பாகச் சொன்னார், வலிக்காது, தெரியாது, தெரியும்போது பாதி போயிருக்கும். இந்த மாதமே போய்ச் சோதித்துக்கொண்டு பதில் எழுது.

அன்பு மாறாத,
அப்பா