ஒன்றும் குறையாத கேசட்

இன்று காலை ஏரியூர் ஆஸ்பத்திரியில், ஊசி போடுமுன் நர்ஸ் என் கையில் ஸ்பிரிட் தடவினார். அந்த வாடையில் நீ டேப் ரெக்கார்டரின் ஹெட்டை ஸ்பிரிட்டில் தோய்த்த பஞ்சால் துடைத்துக்கொண்டிருந்தாய். ஊசி ஏறியது தெரியவில்லை. "அழுத்திப் புடிச்சிக்கங்க டீச்சர்" என்று அவர் சொன்ன பிறகுதான் கையைப் பார்த்தேன்.

பெங்களூரில் வேலை பார்த்த உன் அண்ணன் அந்த இசைத்தட்டைக் கொண்டுவந்தபோது நாம் தருமபுரிக் கல்லூரியில் கடைசி வருடம். அமெரிக்கக் கறுப்பினப் பெண் ஒருத்தி பாடிய, ‘சோல்’ என்ற வகைப் பாட்டுகள். எங்கள் குடும்பத்தில் கல்லூரிவரை வந்தவள் நான் ஒருத்திதான். அந்த ஆங்கிலம் ஒரு வரியும் பிடிபடவில்லை. "எனக்கு மட்டும் புரியுதா? கம்முனு கேளுடி" என்றாய்.

அண்ணன் தட்டைத் திரும்ப எடுத்துப்போவதற்குள் கேசட்டில் பிடித்துவிட வேண்டும். ஞாயிறு பூசை முடிந்து உங்கள் வீட்டுக்கு வந்து, ஸ்பீக்கருக்கு எதிரே டேப் ரெக்கார்டரை வைத்துவிட்டு உட்கார்ந்தோம். இரண்டாவது பாட்டில் சமையலறையிலிருந்து உன் அம்மாவின் குரல்.

"ஏண்டி, கறிக்கு உப்புப் பாத்தியா?"

"ரெக்கார்டு ஆவுது. வாய மூடும்மா."

"என் வூட்ல நான் வாய மூடணுமா?"

போட்டுக் கேட்டால், பாட்டைவிட நீங்கள் இருவரும்தான் தெளிவாக இருந்தீர்கள். நான்கூடச் சிரித்தேன். நீ சிரிக்கவில்லை. "தட்டுல இருக்கறது அப்படியே வரணும். ஒண்ணும் கொறயக் கூடாது, ஒண்ணும் சேரவும் கூடாது." மறுநாள் கேசட் கடையில் வயர் இரவல் வாங்கி வந்து பிளேயரையும் டேப் ரெக்கார்டரையும் நேராக இணைத்தாய். இருந்தது ஒரே கேசட். அதன்மேலேயே மறுபடி பிடித்தோம். கிட்டார் கம்பியில் விரல் வழுக்குவதுகூடக் கேட்டது. "நீயே வெச்சிக்க. இங்க இருந்தா அம்மா இதுமேல மாதா பாட்டப் புடிச்சிரும்" என்று என் பையில் போட்டாய்.

தொப்பூர் இறக்கத்தில் நீ போன பஸ் கவிழ்ந்து சில மாதம் கழித்து, உன் அம்மா காரிமங்கலத்தில் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். மடியில் உங்கள் டேப் ரெக்கார்டர்.

"அன்னைக்கு என்னய வாய மூடுன்னாளே, அது அந்த கேசட்ல இருக்குதில்ல கண்ணு? ஒரு தடவ போடு."

இல்லை என்று சொல்லாமலே போட்டேன். இரண்டு பக்கமும் ஓடி முடியும்வரை அசையாமல் கேட்டார்கள். எங்கும் நீ இல்லை. துளி இரைச்சல்கூட இல்லை.

"அழிஞ்சிருச்சா?"

"ஆமாம்மா. பாட்டு சுத்தமா வரணும்னு மறுபடியும் புடிச்சோம்."

அவர்கள் முகத்தில் எதுவும் தெரியவில்லை. எனக்கும் அழுகை வரவில்லை. பிறகு கேட்டார்கள்.

"பாட்டு எடுக்கறதுக்கு முன்னாடி ஒரு பொண்ணு மூச்சு இழுக்கறாளே, அது யாரு?"

"பாடறவங்கம்மா."

"அத மட்டும் இன்னொருக்கா போடு கண்ணு."

நாடாவைப் பின்னால் ஓட்டினேன். மறுபடியும் ஓட்டினேன்.

இப்போதெல்லாம் எங்கே எந்தப் பாட்டு ஒலித்தாலும், முதல் சொல்லுக்கு முன்னால் வரும் மூச்சுவரைதான் எனக்குக் கேட்கிறது. அதற்குப் பின் வரும் பாட்டு எதுவும் எனக்குள் ஏறுவதில்லை.