அத்தைக்காகச் சாய்ந்த டி.வி.

அன்புள்ள அத்தை,

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பிட்டுவிட்டு, இடது பக்கமாகச் சாய்ந்து படுத்துக் கைபேசி பார்த்துக்கொண்டிருந்தேன். நான் படுத்ததும் திரையில் இருந்த படம் எழுந்து நின்றுகொண்டது. எனக்கு எல்லாம் கோணலாகத் தெரிந்தது. கைபேசியைத் திருப்பினேன், அதுவும் திரும்பியது. படம் திரும்பாமல் இருக்க ஒரு பூட்டு உண்டு, எனக்கும் தெரியும். ஆனால் அதைப் போடாமல், தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு சிரித்தேன். படுத்திருக்கும் ஒருத்திக்காக ஒரு டி.வி.யையே படுக்க வைத்த வீடு நம்முடையது.

இரண்டாயிரத்து ஒன்பது, ஏப்ரல். பிளஸ் டூ பரீட்சை முடிந்து, கடலூர் முதுநகர் வீட்டில் கையில் ஒரு நாவலோடு கிடந்தேன். அப்பா வந்து, "சிதம்பரம் போயி அத்தகூட இரும்மா. அவள எழுந்திருக்க விடாம பாத்துக்கணும். அவ்ளோதான் வேல" என்றார். கேட்க எளிதான வேலையாகத்தான் இருந்தது. ஆனால் அப்பாவின் தங்கையான உங்களை உட்கார வைத்தே யாரும் பார்த்ததில்லை. பல்கலைக்கழகம் போகும் சாலையில் ஜெராக்ஸ் கடை. ஒரு கையால் தாளை இழுத்து, மறு கையால் ஸ்பைரல் சுற்றி, மூன்றாவது கையால் போன் பேசுபவர் நீங்கள் என்று மாமா சொல்வார். கல்யாணமான பதினாறு வருடங்களில் மூன்று முறை வயிற்றில் உண்டாகி, மூன்றும் பாதியிலேயே போயிருந்தன. முப்பத்தொன்பதாவது வயதில் இது நான்காவது. ஆறாம் மாதம். டாக்டரம்மா கர்ப்பப்பை வாயில் தையல் போட்டு அனுப்பியிருந்தார். "பாத்ரூமுக்கு மட்டும் எழுந்திருங்க. மத்தபடி இடது பக்கமாப் படுங்க. இது போச்சுன்னா இனிமே நான் நம்பிக்கை குடுக்க மாட்டேன்."

நான் பையோடு வந்து இறங்கியபோது நீங்கள் அடுக்களையில் கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தீர்கள்.

"என்ன அத்த இது?"

"உனக்கு கொத்சு புடிக்குமேன்னு. உக்காந்துதான நறுக்குறேன்? நிக்கலியே?"

அன்று உங்களைப் படுக்கவைக்க நானும் மாமாவும் பட்ட பாடு! பத்து நிமிடத்துக்கு ஒரு முறை ஏதாவது ஒரு காரணம். பால் பொங்குகிறதா என்று பார்க்க வேண்டும். கொடியில் துணி நனைகிறதா என்று பார்க்க வேண்டும். வெளியே வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது.

இரண்டாம் நாள் மனசில்லாமல்தான் என் பையிலிருந்து அதை எடுத்தேன். அண்ணன் சிங்கப்பூரிலிருந்து வாங்கி வந்த, கையில் வைத்து ஆடும் வீடியோ கேம். அதுவரை யாருக்கும் அதை நான் தந்ததில்லை. புத்தகங்களைப் போலவே அதுவும் நான் தனியாகப் போய் இருந்துகொள்ளும் இடம். கார் பந்தயம். இரண்டு வருடம் ஆடி, பதினெட்டு ஊர்களின் பாதைகளைத் திறந்து வைத்திருந்தேன். உங்களுக்கு அந்தச் சின்னத் திரை சரிப்படவில்லை. "கண்ணாடி தலகாணில அமுங்குது. தூக்கிப் புடிச்சா கை மரத்துப்போவுது. ஒண்ணும் தெரியலடி, எறும்பு ஓடுற மாதிரி இருக்கு."

டி.வி.யில் சொருகுகிற ஒயர் ஒன்று பெட்டியோடு வந்திருந்தது. மஞ்சள், வெள்ளை, சிவப்பு என்று மூன்று முனைகள். கூடத்தில் இருந்தது அரசாங்கம் கொடுத்த பதினான்கு அங்குல டி.வி. அதில் இரண்டு துளைகள்தான். சிவப்பு முனை கடைசிவரை வேலையில்லாமல் தொங்கிக்கொண்டிருந்தது. ஒயரைச் சொருகியதும் கையில் இருந்த திரை இருண்டு, ஆட்டம் முழுவதும் டி.வி.க்குப் போய்விட்டது. என் டைரியை யாரோ கூடத்தில் நின்று உரக்கப் படிப்பது போல எனக்குக் கூச்சமாக இருந்தது.

உங்களுக்கு அதைப் பற்றி ஒன்றும் இல்லை. "ரோடு ஏன் செவுத்துல ஏறுது மருமவளே?" என்றீர்கள்.

"நீங்க படுத்திருக்கீங்க அத்த. அதான்."

"என்ன நிமித்த முடியாது. அப்ப அத சாய்."

கடையிலிருந்து ஏ ஃபோர் தாள் கட்டுகளைக் கொண்டுவந்து அடுக்கி, நானும் மாமாவும் டி.வி.யைத் தூக்கிப் பக்கவாட்டில் நிறுத்தினோம். "சும்மா குடுத்த டி.வி.ங்கிறதுக்காக இப்பிடியா?" என்று மாமா முனகினார். போட்டதும் நீங்கள் விழுந்து விழுந்து சிரித்தீர்கள். "எல்லாம் வவ்வாலு மாதிரி தொங்குதுடி!" தப்பான பக்கம் சாய்த்திருந்தோம். மறுபடி தூக்கி, மறுபக்கம் சாய்த்தோம். திரையின் ஒரு மூலை பச்சையாகவும் இன்னொரு மூலை ஊதாவாகவும் மாறியது. "மெசினுக்கு தல சுத்துது போல" என்றீர்கள். "இருக்கட்டும். எனக்கு நேராத் தெரியுது."

அந்த வீட்டில் மூன்று மாதம் உங்கள் ஒருவருக்குத்தான் உலகம் நேராக இருந்தது. எங்கள் எல்லோருக்கும் கோணல். சாயங்காலம் சீரியல் பார்க்க எதிர் வீட்டு மங்கை அக்கா வருவார். நாற்காலியில் உட்கார்ந்து, தலையைத் தோளில் சாய்த்துக்கொண்டு மாமியார் மருமகள் சண்டையைப் பார்ப்பார்.

"ஏங்க்கா, இவுங்க அழுவுறது மூக்கு பக்கமா ஓடுது?"

"நீ கழுத்த இன்னும் கொஞ்சம் சாயி மங்க."

"இதுக்கு மேல சாஞ்சா நானும் உன் பக்கத்துல படுக்கணும். சுளுக்கு தைலம் ஜாஸ்தியா செலவாவுது." போகும்போது என் கன்னத்தைக் கிள்ளுவார். "நல்லா பாத்துக்க புள்ள. உனக்குத்தான் உள்ள மாப்ள ரெடி ஆவுறான். பதினேழு வயசுதான் வித்தியாசம்." எனக்கு ஓடி ஒளிய வேண்டும் போல இருக்கும். நீங்கள் வயிற்றைத் தடவிக்கொண்டு, "வரதட்சண கேக்க மாட்டோம்" என்பீர்கள்.

முதலில் உங்களுக்குப் பந்தயம் ஓட்டவே வரவில்லை. பின்னால் கார் வந்தால் ஒதுங்கி வழி விட்டீர்கள். "போவட்டும். அவுங்களுக்கு என்ன அவசரமோ." தோற்றபோது, "அதான் எல்லாரும் போய்ச் சேந்துட்டாங்களே, அப்புறம் என்ன?" ஒரு வாரம்தான் அந்தப் பெருந்தன்மை. பிறகு ஒரு சிவப்புக் கார் உங்களை மூன்று தடவை இடித்துத் தள்ளியது. அன்றிலிருந்து உங்கள் வாயில் வந்த வார்த்தைகளை நான் எந்தப் புத்தகத்திலும் படித்ததில்லை. மதியத்தில் போன் அடிக்கும், கடையிலிருந்து மாமா, தாள் சிக்கிக்கொண்டது என்று. "வளைவுல இருக்கேங்க, அப்புறம் பேசுறேன்" என்று வைத்துவிடுவீர்கள். ஆனால் நீங்கள் எழுந்திருக்கவில்லை, அத்தை. பாலும் துணியும் மறந்துபோயின. நாட்காட்டியில் ஆறாம் மாதம் ஏழாகி, ஏழு எட்டானது. ஒவ்வொரு நாளைக் கிழிக்கும்போதும் மாமா அந்தத் தாளைச் சட்டைப்பையில் போட்டுக்கொள்வார். ஏன் என்று நாம் கேட்டதில்லை.

ஜூனில் ஒரு வெள்ளிக்கிழமை காலை. நான் குளித்துவிட்டு வந்தேன். "பாரு, நீ இல்லாமயே நானே போட்டுட்டேன்" என்று பெருமையாகக் காட்டினீர்கள். திரையில் முதல் ஊர், முதல் பாதை, ஆரம்பத்தில் தருகிற அந்த மங்கிய சாம்பல் நிறக் கார். நான் பதறிப்போய்ப் பட்டியலைத் திறந்தேன். பதினெட்டு ஊரும் இல்லை.

"இதுல என்ன கேட்டுச்சு அத்த?"

"என்னமோ இங்கிலீசுல கேட்டுச்சு. நான் ஓகே குடுத்துட்டேன்."

கடையில் உங்கள் சட்டம் அதுதானே? மெஷின் கேள்வி கேட்டால் படிக்கக் கூடாது, பச்சைப் பொத்தானை அமுக்க வேண்டும், அதுவாக வழிக்கு வரும். இருபது வருட அனுபவம். பழையதை அழித்துவிட்டுப் புதிதாகத் தொடங்கவா என்று அது கேட்டிருக்கிறது. நீங்கள் பச்சையை அமுக்கிவிட்டீர்கள்.

என் சுபாவம் உங்களுக்குத் தெரியும். கோபம் வந்தால் வாயைப் பூட்டிக்கொண்டு அந்த இடத்தைவிட்டுப் போய்விடுவேன். நீங்கள் கண்ணயர்ந்ததும் பையை எடுத்தேன். மங்கை அக்காவிடம், "கொஞ்சம் பாத்துக்கங்க" என்றேன். போனை அணைத்தேன். பேருந்து நிலையத்தில் கடலூர் வண்டி ஒன்றில் ஏறி ஜன்னல் ஓரம் உட்கார்ந்து புத்தகத்தைத் திறந்துகொண்டேன். ஒரு வரியும் ஓடவில்லை. விளையாட்டுக் கருவியை வீட்டிலேயே விட்டு வந்திருந்தேன். இனி அது எனக்கு எதற்கு?

வண்டி கிளம்ப இருந்த நேரம், பேருந்துகளுக்கு நடுவே ஓர் ஆட்டோ நுழைந்தது. ஓட்டுநர், "நிறுத்துங்க, நிறுத்துங்க" என்று கத்தினார். பின்னால் யாரும் இல்லாத வெறும் ஆட்டோ. பிறகு அதற்குள்ளிருந்து ஒரு கை மட்டும் மேலே எழுந்தது. அந்தக் கையில் என் வீடியோ கேம். மூன்று நிற ஒயர் வால் போலத் தொங்கியது.

கண்டக்டர் குனிந்து பார்த்தார். "என்னாம்மா, படுத்துக்கிட்டே வந்து பஸ்ஸ மறிக்கிற?"

"எழுந்திருக்கக் கூடாதுன்னு டாக்டரம்மா சொல்லியிருக்காங்க சார். எம் மருமவ உள்ள இருக்கா. எறக்கி விடுங்க. இது மூணாவது கடலூர் வண்டி, ஒவ்வொண்ணா தேடிட்டு வரேன்."

"யாரும்மா மருமவ?" என்று பேருந்து முழுவதும் திரும்பியது. ஒளிய எனக்கு இடமில்லை. ஒரு பூக்கார அம்மா என் தோளில் தட்டி, "எறங்கு கண்ணு. புள்ளத்தாச்சிய அலைய விடலாமா?" என்றார். இறங்கினேன். ஆட்டோ இருக்கையில் நைட்டி மேல் துண்டைப் போட்டுக்கொண்டு, இடது பக்கமாகவே, காலை மடக்கிப் படுத்திருந்தீர்கள். டாக்டர் பேச்சை மீறவில்லையாம்.

என்னைத் திட்டுவீர்கள் என்று நினைத்தேன். திட்டவில்லை. உங்கள் தலையை மடியில் வாங்கிக்கொண்டு உட்கார்ந்தேன். கொஞ்ச தூரம் போனதும் என் கையைப் பிடித்தீர்கள். "வயிறு கல்லு மாதிரி இறுகுதுடி." அதுவரை ஒருநாளும் உங்கள் குரல் அப்படிச் சின்னதாகி நான் கேட்டதில்லை. ஆட்டோவை நேராக ஆஸ்பத்திரிக்கு விடச் சொன்னேன். மாமா கடையை அப்படியே திறந்து போட்டுவிட்டு ஓடி வந்தார். வெளியே பெஞ்சில் இரண்டு மணி நேரம். பதினெட்டு ஊர் அழிந்ததற்காகக் கிளம்பி வந்தவள் நான். நாட்காட்டித் தாள்களைச் சட்டைப்பையில் வைத்திருந்த மனிதரின் பக்கத்தில், அவர் முகத்தைப் பார்க்க முடியாமல் உட்கார்ந்திருந்தேன்.

டாக்டரம்மா வெளியே வந்தார். "தையல் நிக்குது. குழந்தை நல்லா இருக்கு. ஆனா இனிமே ஆட்டோ சவாரி கிடையாது. யாரு அந்த மருமவ? உன்கிட்டதான் சொல்லச் சொன்னாங்க."

வீட்டுக்கு வந்து, நாம் இருவரும் முதல் ஊரிலிருந்து மறுபடி தொடங்கினோம். வளைவுகளில் நான், நேர்ச்சாலைகளில் நீங்கள். இடித்த சிவப்புக் காருக்குப் பழி தீர்த்த அன்று மங்கை அக்கா பாயசம் வைத்தார். பதினொன்றாவது ஊரின் நடுவில் உங்களுக்கு இடுப்பு வலி எடுத்தது. ஆனி மாதம் இன்னும் முடியவில்லை. "மாப்ள வரல, மச்சினிச்சி வந்துட்டா!" என்று மங்கை அக்காதான் தெருவெல்லாம் சொன்னார். மாமா நாட்காட்டித் தாள்களை எடுத்துக் குழந்தையின் தொட்டிலுக்கடியில் வைத்தார். டி.வி.யை நிமிர்த்திய பிறகும் ஒரு வாரம் எல்லோரும் தலையைச் சாய்த்தேதான் சீரியல் பார்த்தோம்.

ஆகஸ்டில் கல்லூரி. நான் கிளம்பிய அன்று கைக்குழந்தை பூரணியைத் தோளில் போட்டுக்கொண்டு வாசல்வரை நடந்து வந்தீர்கள். நிற்கும்போது நீங்கள் என்னைவிட உயரம் என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது. அன்றுதான் அந்த வெள்ளிக்கிழமையைப் பற்றிப் பேசினீர்கள், முதலும் கடைசியுமாக. "கோவம் வந்தா போ. போவாதன்னு நான் சொல்ல மாட்டேன். ஆனா எந்த பஸ்ஸுன்னு சொல்லிட்டுப் போ."

நீங்கள் போய் இரண்டு வருடம் ஆகிறது. காய்ச்சல் என்று சேர்த்தார்கள். நான்கு நாளில் முடிந்துவிட்டது. ஊருக்கெல்லாம் சொல்லிவிட்டு நீங்கள் மட்டும் சொல்லாமல் போய்விட்டீர்கள் என்று முதல் வருடம் உங்கள் மேல் கோபமாக இருந்தேன். இப்போது இல்லை.

எனக்கு இன்னமும் பேச்சு குறைவுதான். வீட்டில் சண்டை வந்தால் செருப்பை மாட்டுகிறேன். ஆனால் வாசலில் நின்று, "சில்வர் பீச்சுக்குப் போறேன். ஆறு மணிக்கு வருவேன். கோவமாத்தான் போறேன்" என்று சொல்லிவிட்டுத்தான் படி இறங்குகிறேன். பாதி நாள், என் வீட்டுக்காரரும் பின்னாலேயே சட்டையை மாட்டிக்கொண்டு வந்துவிடுகிறார்.

போன மாதம் பூரணியிடமிருந்து ஒரு செய்தி வந்தது. "அப்பாவோட சண்ட. உங்க வீட்டுக்கு வரேன். ஊதா கலரு பஸ்சு. டிரைவருக்குப் பின்னாடி மூணாவது சீட்டு." நான் இதை அவளுக்குச் சொல்லிக்கொடுத்ததில்லை. மாமாவுக்குப் போன் செய்தேன். "தெரியும்மா. எனக்கும் அனுப்பிட்டா. ஜன்னல் ஓரமாம்" என்றார்.

கடலூர் பேருந்து நிலையத்தில் போய் நின்றேன். ஊதா வண்டி வந்தது. மூன்றாவது ஜன்னலில் உம்மென்று உங்கள் முகம். நான் கையை ஆட்டினேன், அவள் ஆட்டவில்லை. ஆனால் இறங்கியதும் கூட்டத்துக்குள் யாரையும் தேடவில்லை, அத்தை. நான் நிற்பேன் என்று தெரிந்தவளாக நேராக என்னிடம் வந்து, பையை என் கையில் கொடுத்துவிட்டு, "பசிக்குது" என்றாள்.

உங்கள் மருமகள்