புரட்டிவிட்ட எலும்பு

நுர்ஜாமால் கண்ணு, நலமா? பிஷ்கேக்கில் பனி விழுந்துவிட்டதா? இங்கே குதிரைப்பால் குமிஸ் நன்றாகப் புளித்திருக்கிறது, குடிக்கத்தான் மனமில்லை.

உன் குடற்புழு மருந்து தோற்றுவிட்டது, ஆராய்ச்சியையே நிறுத்தப்போகிறார்கள் என்று எழுதியிருந்தாய். மருந்து தோற்கவில்லையம்மா. நம் மந்தையில் எந்த ஆட்டுக்கு மருந்து, எதற்கு வெறும் தண்ணீர் என்று ஆட்டின் கணுக்கால் எலும்பைத் தாயக்கட்டை போல உருட்டிப் பார்க்கச் சொன்னாய். “அப்பா, நீங்களா ஆட்டைத் தேர்ந்தெடுக்காதீங்க, எலும்பு சொல்றதுதான்” என்று படித்துப் படித்துச் சொன்னாய். நோஞ்சான் ஆட்டுக்குத் தண்ணீர் என்று விழுந்தபோதெல்லாம் மனசு கேட்காமல் எலும்பைப் புரட்டிவிட்டேன். சாகக் கிடந்ததெல்லாம் மருந்துப் பக்கம் சேர்ந்துவிட்டது, அதனால்தான் அந்தப் பக்கம் சாவு கூடியது.

“ஆட்டுக்கு இரக்கப்பட்டீங்க, பெத்த பொண்ணுக்கு?” என்றாள் உன் அம்மா. அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

பட்டணத்து லாரி கிளம்புகிறதாம், கூப்பிடுகிறாள். ஆராய்ச்சியை நடத்தும் உன் வாத்தியாரிடம் கடிதத்தை மட்டும் அனுப்பினால் போதாது, நானும் ஏறி வந்து அவரிடம் நேரில்...