தொல்சூழலியல் நோக்கில் எங்கள் வீடு

தென்காசி,
14-6-1962

அன்புமிக்க ஞானபாக்கியத்துக்குக் குழலி எழுதுவது.

இங்கே எல்லோரும் நலம். சென்னையில் நீயும் உன் விடுதிப் பூனையும் நலம்தானா? சாரல் தொடங்கிவிட்டது. மொட்டைக் கோபுரத்துக்குள் புகுந்து வருகிற காற்றுக்குக் கொடியில் போட்ட சேலை எதுவும் கொடியில் நிற்பதில்லை. நேற்று அத்தையின் சேலை பக்கத்து வீட்டு ஓட்டின் மேல் போய்ப் படுத்துக்கொண்டது. அதை எடுக்க ஆள் தேடியதில் பாதி நாள் போயிற்று.

முதலில் உன் வேலையை முடித்துவிடுகிறேன். பேலியோஎக்காலஜிக்கலி! அடியம்மா, அந்தச் சொல்லை வாயில் புரட்டவே ஒரு கரண்டி நல்லெண்ணெய் வேண்டும். பி.எஸ்ஸி. வகுப்பில் பேராசிரியை இதைச் சொல்லும்போதெல்லாம் மேசைக்குக் கீழே என் தொடையைக் கிள்ளியவள் நீ. இன்று உங்கள் கலைச்சொல் குழுவுக்காக நீயே இதற்குத் தமிழ் கேட்கிறாய். யாரோ ஒரு பெரியவர் "பழங்காலச் சூழ்நிலை ரீதியாக" என்று போட்டிருப்பதாக எழுதியிருந்தாய். அதை அவரையே மாணவிகள் முன்னால் நின்று சொல்லச் சொல். நானாக இருந்தால் "தொல்சூழலியல் நோக்கில்" என்று வைப்பேன். சூழலியல் என்பதே இன்னும் ஊருக்குப் பழகாத சொல்தான். பழக்கினால் பழகும்.

பொருள் இதுதான். மண்ணுக்குள்ளிருந்து கல்லாகிப்போன ஓர் இலையை எடுத்து, இது இன்ன மரத்து இலை என்று பெயர் சொல்வது ஒரு வேலை. அந்த மரம் எந்த ஈரத்தில் நின்றது, எதன் நிழலில் வளர்ந்தது, எந்தப் பூச்சி அதைக் கடித்தது, பக்கத்தில் யார் யார் வாழ்ந்தார்கள் என்று கூடக் கிடைத்த எல்லாவற்றையும் சேர்த்து வைத்துப் பார்ப்பது வேறு வேலை. இரண்டாவது வேலையைச் செய்கிறவன் பார்க்கிற பார்வையைத்தான் இந்தச் சொல் சொல்கிறது. எடுத்துக்காட்டு வேண்டுமானால் எழுதிக்கொள்: "தங்கம் தேடுகிறவனுக்கு இந்தப் பாறையில் ஒன்றுமில்லை, தொல்சூழலியல் நோக்கில் இது பெரும் புதையல்." வெறுமனே "ரொம்ப காலத்துக்கு முன்னால்" என்று சொல்வதற்கு இதைப் போடக் கூடாது. ஒற்றை எலும்பைப் பற்றிப் பேசும்போதும் போடக் கூடாது.

ஓர் எச்சரிக்கையும் சேர்த்துக்கொள். குற்றாலத்து மலையுச்சிக் காட்டில் விழுகிற இலை, அருவியோடு இறங்கி, சிற்றாற்றோடு வந்து, எங்கள் ஊர்ப் படித்துறைச் சேற்றில் புதைகிறது. நாளைக்குத் தோண்டுகிறவன் அதை மட்டும் பார்த்தால் தென்காசியில் பெருங்காடு இருந்தது என்று எழுதிவிடுவான். கிடந்த இடமெல்லாம் வாழ்ந்த இடம் ஆகாது. சிவகிரியில் முளைத்த நானும் இங்கே வந்து ஒதுங்கிய இலைதான், போ.

நீ எழுதிய மற்ற விஷயம். குழுவில் ஓர் இடம் காலி, தாவரவியல் படித்த பெண் வேண்டும், உன் அறையில் இன்னொரு கட்டில் போடலாம் என்று நீ எழுதியதைப் படித்தபோது எனக்குக் கண் நிறைந்துவிட்டது. மாமாவிடம் கேட்டேன். மாமா மிளகாய் மண்டியிலிருந்து வந்து கால் கழுவிக்கொண்டே, "ஆதித்தன் வரட்டும். அவன்ட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டு அனுப்புதேன்" என்றார். அவர் சொல்வதும் நியாயம்தானே? கட்டிய கணவர் கொழும்பில் இருக்கும்போது அவரைக் கேட்காமல் மருமகளைப் பட்டணத்துக்கு அனுப்பினால் ஊர் என்ன சொல்லும்? அவரோ போட் மெயில் ரயில் ஏறிப்போய் நாலு வருஷமாகிறது. கேட்டால் விசா கிடைக்கவில்லை, கொழும்புக் கடையை விட்டு நகர முடியவில்லை என்கிறார். எனக்கென்று கடிதம் எழுதியது போன தீபாவளிக்கு. அவர் வரும்வரை நான் வாசல் தாண்ட முடியாது. அந்த இடத்தை வேறு யாருக்காவது கொடுத்துவிடச் சொல்.

வீட்டுச் செய்தி என்று பெரிதாக ஒன்றுமில்லை. அத்தை வருஷா வருஷம் மகனுக்கென்று நார்த்தங்காய் உப்பில் போட்டு, கொழும்புக்குப் போகிற யார் கையிலாவது ஜாடியைக் கொடுத்துவிடுவாள். அதில் நமக்கு ஒரு துண்டு கிடைக்காது. இந்த வருஷம் ஜாடியைத் திறந்து எங்களுக்கே பரிமாறுகிறாள். நான் தினமும் பழைய சோற்றுக்குத் தொட்டுக்கொண்டு நாக்கைச் சப்புக்கொட்டுகிறேன். போன வாரம் ஒரு கூத்து நடந்தது. சன்னல் வழியாகப் பார்க்கிறேன், நீலக் கோடு போட்ட சட்டை தெருவில் வருகிறது! நான் வெள்ளை நூல் கிடைக்காமல் கறுப்பு நூலால் பித்தான் தைத்த அதே சட்டை. அவர்தான் வந்துவிட்டார் என்று வாசலுக்கு ஓடினால், மண்டியில் மூட்டை தூக்குகிற மாடன் அதைப் போட்டுக்கொண்டு நிற்கிறான். மாமா கொடுத்தாராம். "நல்லாருக்காம்மா?" என்று என்னிடமே கேட்டான். சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. தபால்காரர் யாக்கூப் அண்ணாச்சிக்கும் ஒரு குறை. முன்பெல்லாம் மாமா தெருமுனை வரை போய், "கொழும்புல இருந்து உண்டுமாவே?" என்று கேட்பாராம். இப்போது தபாலோடு வாசலுக்கே வந்தாலும் மாமா பத்திரிகையை விட்டுத் தலையைத் தூக்குவதில்லையாம். மாமாவுக்கு வயதாகிறது, காதும் மந்தமாகிறது போலிருக்கிறது.

அத்தை மல்லிகைப் பூவோடு கூப்பிடுகிறாள். சாயங்காலமானால் அவள் கையால் என் தலையில் பூ வைத்துத் தெருவாசலில் ஒரு நிமிஷம் நிற்க வைத்தால்தான் அவளுக்குத் திருப்தி. கொழும்பிலிருந்து நல்ல சேதி வர நீயும் உன் ஆண்டவரிடம் ஒரு வார்த்தை சொல்லி வை.

இப்படிக்கு,
திருமதி குழல்வாய்மொழி ஆதித்தன்


தென்காசி,
29-7-1962

என் பாக்கியம்,

நலம் விசாரிக்கப் பொறுமை இல்லை, மன்னித்துக்கொள். போன கடிதத்தில் உனக்கு எழுதிய வீட்டுச் செய்தியையெல்லாம் மறுபடி ஒரு தரம் படி. நார்த்தங்காய், சட்டை, தபால். படித்துவிட்டாயா? உன் தோழி பி.எஸ்ஸி.யில் முதல் வகுப்பு வாங்கியவள். மூன்றையும் தன் கையாலேயே ஒரே காகிதத்தில் எழுதி, பசை தடவி ஒட்டி அனுப்பிவிட்டு, ஒன்றோடொன்று சேர்த்துப் பார்க்கத் தெரியாமல் இருந்திருக்கிறாள். ஊருக்கெல்லாம் சொல்லுக்குப் பொருள் சொல்கிற லட்சணம் இது!

நடந்ததைச் சொல்கிறேன். ஆடி பிறந்ததும் குற்றாலத்தில் வழக்கம்போல் ஒரு வாரத்துக்கு வீடு பிடித்தோம். குளித்துவிட்டு ஈரத்தலையோடு கோயிலுக்குப் போனோம். அம்மன் சந்நிதியில் அர்ச்சனை. அங்கே இருப்பவள் என் பேர்க்காரி, குழல்வாய்மொழி அம்மன். எங்கள் வீட்டில் எப்போதும் நாலு பேருக்கு அர்ச்சனை. மாமா, அத்தை, அவர், நான். அவர் கேட்டை, நான் ரோகிணி. பட்டர் நாலு பேரையும் சொல்லி முடித்துத் தட்டை எடுத்தார். அத்தை முந்தானையை இழுத்து வாயை மறைத்துக்கொண்டு, "இன்னொண்ணு. பூரம்" என்றாள். மணிச் சத்தத்தில் எனக்குக் கேட்காது என்று நினைத்திருப்பாள். பட்டருக்கும் கேட்கவில்லை. "என்ன நட்சத்திரம்? பேரென்ன?" என்று ஊருக்கே கேட்கும்படி திருப்பிக் கேட்டார். அத்தை, "பூரம், சிம்ம ராசி. பேரு வேண்டாம், நட்சத்திரம் போதும்" என்றாள்.

எங்கள் வீட்டில் பூரத்தில் பிறந்தவர் ஒருவரும் இல்லை. அவர் ஒரே பிள்ளை. அக்கா தங்கை கிடையாது. நான் கையைக் கூப்பியபடி நின்றேன். ஒற்றை எலும்பை வைத்து முடிவு கட்டாதே என்று உனக்கு எழுதியவள் நான்தானே, அதனால் உடனே எதையும் நம்பவில்லை. ஆனால் அந்தப் பூரத்தை நார்த்தங்காய் ஜாடிக்குப் பக்கத்தில் வைத்தேன். மாடன் முதுகில் போன நீலக் கோட்டுச் சட்டையைப் பக்கத்தில் வைத்தேன். தலை தூக்காத மாமாவை வைத்தேன். என் தலையில் இருந்த பூவையும் வைத்தேன். அப்புறம் தீபாராதனை காட்டியது எதுவும் என் கண்ணில் படவில்லை.

மறுநாள் அருவிக்கரையில் அத்தை எனக்குத் தலை துவட்டிவிட்டுக் கொண்டிருந்தாள். அருவி இரைச்சலில் பக்கத்தில் இருப்பவர்களுக்கு எதுவும் கேட்காது. "கொழும்புப் பிள்ளைக்கு என்ன பேர் வைத்திருக்கிறார்கள் அத்தை?" என்று கேட்டேன். துண்டு அப்படியே நின்றது. "ஒனக்கு யாரு சொன்னா?" என்றாள். யாரும் சொல்லவில்லை என்றேன். அவ்வளவுதான், அந்த ஈரப் பாறையில் உட்கார்ந்து குமுறிக் குமுறி அழுதாள். "அங்கன ஒருத்தியக் கட்டிக்கிட்டாம்ட்டி. பொம்பளப் பிள்ள பொறந்திருக்கு. கடிதாசி வந்த அன்னைக்கே மாமா அதை அடுப்புல போட்டுட்டாக. இனி அவன் பேச்சே இந்த வீட்டுல கூடாதுன்னுட்டாக. நான் என்ன செய்யட்டும், அதுவும் பேத்தியால்லா போச்சு?" என்றாள்.

என்னிடம் ஏன் மறைத்தீர்கள் என்று கேட்டேன். அதற்கு அவள் சொன்னதைத்தான் என்னால் விழுங்க முடியவில்லை. "சொன்னா நீ போயிருவியே. பெத்த பிள்ளை போயிட்டான். நீயும் போயிட்டா அந்த வீட்டுல நான் யாரு மூஞ்சியப் பாத்துக் காப்பி குடிப்பேன்? மாமாட்ட கேட்டுராத. இப்படியே இருந்துருவோம்ட்டி. ஒனக்கு என்ன குறை வச்சேன்?" என்று என் மோவாயைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினாள். அன்று சாயங்காலம் இரண்டு பந்துப் பூ வாங்கி முழுதையும் என் தலையில் வைத்தாள். பூவின் கனத்தில் கழுத்து வலித்தது.

பாக்கியம், அவள் என்னை அடித்திருந்தால், பட்டினி போட்டிருந்தால், நான் என்றைக்கோ ஓடியிருப்பேன். பூ வைத்துவிடுகிறவளை விட்டு எப்படி ஓடுவது? குளிக்கப் போனால் கூடவே வருகிறாள். கிணற்றடியில் நின்றால் பின்னால் நிற்கிறாள். சன்னலருகே போனால் "என்ன பாக்குத?" என்கிறாள். அவள் கண்ணெல்லாம் பயம். சிவகிரியில் அப்பா இருந்தவரை ஒரு வாசல் இருந்தது. அண்ணன் வீட்டில் எனக்கு எத்தனை நாள் சோறு போடுவார்கள் என்று உனக்கே தெரியும்.

தென்காசிக்குத் திரும்பியதும் மாமாவிடம் வேலை விஷயத்தை மறுபடி எடுத்தேன். தெரிந்துகொண்டே கேட்டேன். அவர் வாயிலிருந்து உண்மை வருமா என்று பார்க்கத்தான் கேட்டேன். பத்திரிகையை மடித்தார். சுவரைப் பார்த்தார். "ஆதித்தன் வரட்டும்னு சொன்னேம்லா" என்றார். அடுக்களை நிலையில் அத்தை நின்றுகொண்டிருந்தாள். அவள் என்னைப் பார்க்கவில்லை. வராத ஆளின் அனுமதிக்காக என்னை நிறுத்தி வைத்திருக்கிறார்கள். வரமாட்டான் என்று தெரிந்த இரண்டு பேர், வருவான் என்று சொல்லிச் சொல்லியே வாசலை அடைத்து வைத்திருக்கிறார்கள். அவர்களும் அந்த வாசலுக்கு உள்ளேதான் கிடக்கிறார்கள். மாமா இந்த ஒரு மாதத்தில் பாதியாக இளைத்துவிட்டார். அதையும் இப்போதுதான் கவனிக்கிறேன்.

உன் குழுவுக்கு ஓர் எடுத்துக்காட்டு அனுப்புகிறேன். "வளையல், மெட்டி, பூ நார் என ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தால் இங்கே ஒரு பெண் கணவனோடு குறைவில்லாமல் வாழ்ந்தாள் என்று தோன்றும், தொல்சூழலியல் நோக்கில் பார்த்தால், அவளை இங்கே அடைத்து வைத்திருந்தார்கள் என்று தெரியும்." நாலு வருஷத்து வீட்டுக்கு இந்தச் சொல்லைப் போடுவது பிழைதான். மண் மூடிப் பல்லாயிரம் வருஷமான பிறகு போடலாம். ஆகவே இதை அச்சில் ஏற்றிவிடாதே. ஆனால் அதுவரை நான் காத்திருக்க மாட்டேன்.

இப்போது நான் கேட்கப் போவதை மறுக்காதே. போன கடிதத்தில் வேண்டாம் என்று எழுதிய அந்த இடம் இன்னும் காலியாக இருக்கிறதா? இருந்தால் எனக்கு வேண்டும். இல்லையென்றால் சாக்குத் தைக்கிற வேலையானாலும் பார்த்து வை. சுவரேறிக் குதித்து வரமாட்டேன். முன்வாசல் வழியாக, பட்டப்பகலில், அத்தை காலில் விழுந்து கும்பிட்டுவிட்டுத்தான் வருவேன். அவள் அழுவாள். நானும் அழுவேன். அழுதுகொண்டே வண்டி ஏறலாம், அதற்கு யாருடைய அனுமதியும் வேண்டாம். ஆனால் என்னைக் கூப்பிட வெளியிலிருந்து ஒரு குரல் வேண்டும் பாக்கியம். தனியாக இந்த நிலைப்படியைத் தாண்டக் கால் வரவில்லை.

இந்தக் கடிதத்தை யாக்கூப் அண்ணாச்சி கையிலேயே கொடுக்கிறேன். மாமா பார்த்தால் கலைச்சொல் வேலைக் கடிதம் என்பேன், பொய்யும் இல்லை. கொழும்பில் இருக்கிற அந்தப் பூரத்துக் குழந்தை தீர்க்காயுசாக இருக்கட்டும். அதன் மேல் எனக்கு ஒரு கோபமும் இல்லை. நீ நல்லபடியாக இரு.

பதில் போடும்போது உறையின் மேல் திருமதி ஆதித்தன் என்று எழுதாதே. குழல்வாய்மொழி, பி.எஸ்ஸி. என்று பெரிய எழுத்தில் எழுது. இந்த ஊருக்கு வந்த நாளிலிருந்து அர்ச்சனைத் தட்டுக்கு முன்னால் தவிர வேறெங்கும் என் பேரை நான் கேட்டதில்லை. யாக்கூப் அண்ணாச்சி வாசலில் நின்று அதை உரக்கப் படிக்கட்டும். மாமா தலை தூக்கட்டும். தெரு கேட்கட்டும். அந்தச் சத்தத்துக்காகத்தான் காத்திருக்கிறேன். சீக்கிரம் எழுது.

குழல்வாய்மொழி