என்னிடம் மட்டும் சொல்லாத நரி

ஏலே ஜாபர், என் செல்லத் தம்பி,

அன்பாகத்தான் ஆரம்பிக்கிறேன். முடிக்கும்போது எப்படி இருப்பேனோ தெரியாது. நீ போய் ஆறு வருஷமாகியும் உன்மேல் கோபம் ஆறவில்லை.

வீட்டுக்குக் கேபிள் வந்த புதிதில் சாயங்காலமானால் கார்ட்டூனுக்கு உட்கார்ந்துவிடுவோமே. எல்லாம் இங்கிலீஷ், எனக்கு ஒரு எழவும் புரியாது. நீதான் தமிழில் வசனம் போடுவாய். நாய்க்குத் தப்பி ஓடும் நரி சட்டென்று நின்று நம் பக்கம் திரும்பிப் பேசும். வாலைச் சரியாக வரையவில்லை என்று படம் போட்டவனையே ஏசும். "அக்கா, ஒங்கிட்டத்தான் பேசுறான். மரத்துக்குப் பின்னாடி ஒளியப் போறானாம், நாய்கிட்ட சொல்லிறாதங்குறான்" என்பாய். நமக்கெல்லாம் தெரிந்தது அந்த நாய்க்கு மட்டும் தெரியாது. வயிறு வலிக்கச் சிரிப்போம்.

அதையே எனக்குச் செய்துவிட்டாயேடா.

நான் பிரசவத்துக்கு அம்மா வீட்டுக்கு வந்திருந்தபோது உனக்குக் கிட்னி கெட்டுப்போயிருந்தது. புள்ளத்தாச்சியிடம் கெட்ட சேதி சொல்லக்கூடாது என்பது நம் வீட்டு வழக்கம். அதைச் சாக்காக வைத்து என்னிடம் மட்டும் மறைத்து, அம்மாவிடம், பக்கத்து வீட்டில், பால்காரரிடம்கூடச் சொன்னாய். என்னிடம், "வத்தலக்குண்டுல வேலை இருக்குக்கா, போயிட்டு வாரேன்" என்றுவிட்டு மதுரை ஆஸ்பத்திரிக்குப் போனாய். "ஏலே, ஏன் இம்புட்டு மெலிஞ்சுட்ட?" என்று கேட்டபோது அம்மாவைப் பார்த்துக் கண்ணடித்தாய். நானும் சேர்ந்து சிரித்தேன், பைத்தியக்காரி.

பிள்ளை பிறந்த பன்னிரண்டாம் நாள் வாசலில் ஆம்புலன்ஸ் வந்து நின்றது. உயிரில்லாத உன் மையத்தைப் பார்த்த பிறகுதான் உனக்கு நோய் இருந்ததே எனக்குத் தெரியும். உனக்கு ஒரு வாய் கஞ்சி கொடுக்க, உன்னோடு கடைசியாக ஒரு சண்டை போட எனக்கு உரிமை இல்லையா? என்னைக் காப்பாற்றியதாக நினைத்தாயோ?

இப்போது கார்ட்டூனெல்லாம் தமிழே பேசுகிறது. போன வாரம் என் மகன் அஸ்லம் பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு வாத்து நம் பக்கம் திரும்பி, முதலையிடம் சொல்லாதீர்கள் என்றது. இவன் எழுந்துபோய் டிவியைத் தட்டி, "ஏலே முதல, பின்னாடி பாரு!" என்று கத்துகிறான். விளையாட்டுக்குத்தானே என்றேன். "பாவம்மா, அதுக்கு மட்டும் யாருமே சொல்ல மாட்டேங்குறாங்க" என்றான்.

ஜாபர், எனக்கு வயிற்றில் கட்டி. அடுத்த வாரம் ஆபரேஷன். "பச்சப்புள்ள, அவன்கிட்ட சொல்லிறாதடி" என்று அம்மா கெஞ்சுகிறாள். நான் கேட்கப்போவதில்லை. இன்று சாயங்காலம் டிவியை நிறுத்திவிட்டு நானே சொல்வேன், இது சத்தியம். அவன் அழுதால் நானும் கூட உட்கார்ந்து அழுவேன். அந்த அழுகையைத்தானடா நீ எனக்குத் தராமல் போனாய்.

உன்மேல் கோபம் தீராத உன் அக்கா,
மும்தாஜ்
திண்டுக்கல்